வெள்ளைக் கடலில் இறங்கிய கயிறு

ஆராய்ச்சிக் கப்பலில் எல்லாருக்கும் அவர் தட்டுக்காரர். சாப்பாட்டுத் தட்டு அகலத்தில் ஒரு வெள்ளை வட்டைக் கயிற்றில் கட்டிக் கடலுக்குள் இறக்குவார். எத்தனையாவது மீட்டரில் அது கண்ணுக்கு மறைகிறதோ அதைச் சொல்வார். தண்ணீரின் தெளிவை அளக்க அதுதான் வழி. இருபத்தாறு வருடமாக இதே வேலை. ஐந்து மீட்டருக்கு ஒரு முடிச்சு, பத்துக்கு இரண்டு, பதினைந்துக்கு மூன்று என்று கயிற்றில் அவர் கையாலேயே போட்டு வைத்திருந்தார்.

அவருடைய தங்கையின் கணவர்தான் கப்பலின் முக்குளிப்பவர். வாய் சும்மா இருக்காது.

"தட்டை நனைச்சு எடுக்கிறதுக்கு உங்களுக்குச் சம்பளம், மச்சான். வீட்டுல தினமும் நானும் அதைத்தான் செய்யறேன். உங்க தங்கச்சி சல்லிக்காசு தர மாட்டேங்கிறா."

அந்தப் பயணத்தின் பன்னிரண்டாம் நாள் காலை தட்டுக்காரர் மேல்தளத்துக்கு வந்தபோது கடல் வெளுத்துக் கிடந்தது. தொடுவானம் வரை பால் கலந்த பச்சை. அலை இல்லை. முன்தினம் கூடவே வந்த பறவைகளில் ஒன்றைக்கூடக் காணோம். காற்றில் வேகவைத்த முட்டைக்கோஸ் மாதிரி ஒரு வாடை.

வட்டை இறக்கினார். வழக்கமாகப் பதினெட்டு மீட்டர் வரை தெரியும். அன்று மூன்றிலேயே காணாமல் போனது. நம்பிக்கையில்லாமல் மறுபடி இறக்கிப் பார்த்தார். அதே மூன்றுதான்.

ஆய்வாளர் அம்மா ஒரு சொட்டுத் தண்ணீரை ஒளியை வடிகட்டும் நுண்ணோக்கியில் வைத்து அவரைக் கூப்பிட்டார். உள்ளே கும்மிருட்டு. அதில் நட்சத்திரம் போல ஆயிரக்கணக்கான சின்னஞ்சிறு ஒளிச்சிலுவைகள்.

"ஒரே செல் உள்ள பாசி, அண்ணே. வெயில்ல வளருது, தன் உடம்பைச் சுத்திச் சுண்ணாம்புச் சில்லு செஞ்சு கவசம் மாதிரி போட்டுக்குது. இப்ப நீங்க பாக்கிறது சில்லுங்களத்தான்."

"எல்லாம் உயிரோட இருக்கா, மேடம்?"

"பாதிக்கு மேல செத்துப்போச்சு. ஒரு வைரஸ் புகுந்திருக்கு. சாகும்போது சில்லெல்லாம் உதிர்ந்துரும். உயிரோட இருக்கிறப்ப கடல் இவ்வளவு வெளுக்காது. அந்த வாடையும் அதுங்க விடற வாயுதான். மேல போய் மேகம் உருவாகக்கூட உதவும்."

"சில்லு எங்க போகும்?"

"கட்டிகட்டியா ஒட்டிக்கிட்டு அடிக்கு இறங்கும். கோடிக்கணக்கான வருஷம் இப்படிப் படிஞ்சுதான் சுண்ணப்பாறை மலையெல்லாம் வந்துச்சு."

அவர் வெளியே வந்தார். ஒரு சாவு வீட்டுக்கு நடுவே கப்பல் நிற்பது போலிருந்தது.

பதினோரு மணிக்குக் கிழிந்த வலை ஒன்று கப்பலுக்கு அடியில் அதை உந்தும் சுழலியில் சிக்கி எஞ்சின் நின்றது. முக்குளிக்கத் தெரிந்தவர் மாப்பிள்ளை ஒருவர்தான். முதுகில் காற்றுப் புட்டியும் இடுப்பில் பாதுகாப்புக் கயிறும் கட்டிக்கொண்டு இறங்கினார். இரண்டு ஆள் ஆழம்கூடப் போகவில்லை, ஆளே தெரியவில்லை. கால்மணி நேரம் கழித்து அந்தக் கயிறு தொய்ந்தது. இழுத்தார்கள். வெறும் முனைதான் வந்தது.

"அவிழ்த்துட்டாரு" என்றார் கேப்டன். "வலையில மாட்டியிருக்கும்."

எந்தப் பக்கம் பார்த்தாலும் ஒரே வெள்ளை. அதற்குள் இருக்கும் மனிதனுக்கு மேல் எது, கீழ் எது? தட்டுக்காரர் யாரையும் கேட்கவில்லை. வட்டை எடுத்துச் சுழலிக்குப் பக்கத்தில் இறக்கினார். ஐந்து, பத்து, பதினைந்து என்று முடிச்சுகள் உள்ளங்கையைத் தாண்டிப் போயின. முப்பது மீட்டரும் போய் முனை மட்டும் கையில் நின்றது. காத்திருந்தார்.

எத்தனை நிமிடமோ, கயிறு வெடுக்கென்று இரண்டு தடவை இழுபட்டது.

மாப்பிள்ளை மேலே வந்தபோது புட்டியில் காற்று தீரும் நிலை. தளத்தில் மல்லாந்து கிடந்தார். மூச்சு சீரானதும் சொன்னார்.

"மேல வர்றதா நினைச்சுக் கீழ நீந்தியிருக்கேன், மச்சான். கயிறு கிடைச்சதும் முடிச்சத் தடவினேன். மூணு இருந்துச்சு. அடுத்தது நாலு. அப்பத்தான் புத்தி வந்து திரும்பினேன்." தலையைத் திருப்பிச் சுற்றிலும் பார்த்தார். "ஆமா, எனக்குத் துணைக்கு யாரை இறக்குனீங்க?"

"யாரையும் இறக்கலையே."

"விளையாடாதீங்க. ஒரு கை வந்து கயித்த என் கையில வச்சுது. சில்லுன்னு இருந்துச்சு."

மூச்சுத் திணறினால் மூளை குழம்பும் என்று ஆய்வாளர் சொன்னார். எல்லாரும் ஒப்புக்கொண்டார்கள், மாப்பிள்ளையும்தான். ஆனால் அவர் அதற்குப் பிறகு தண்ணீரில் இறங்கவே இல்லை. கரையில் ஒரு பட்டறையில் சேர்ந்தார். வெள்ளைச் சுவருள்ள அறையில் தூக்கம் வராது என்று படுக்கையறைக்குக் கரும்பச்சை பூசச் சொன்னார். "என் வீடு குகை மாதிரி ஆயிருச்சு, அண்ணா" என்று தங்கை குறைப்பட்டாள்.

தட்டுக்காரர் அவளிடம் வாயைத் திறக்கவில்லை. சொல்ல அவரிடமும் ஒன்று இருந்தது. மாப்பிள்ளை கயிற்றைப் பிடித்தது பதினைந்தாவது மீட்டரில். அதற்கு வெகுநேரம் முன்பே, கயிறு முழுதும் இறங்கி நின்றபோதே, அடிமுனையில் ஒரு பாரம் ஏறியிருந்தது. இழுக்கவில்லை, உலுக்கவில்லை, யாரோ வட்டைக் கையில் பிடித்து, கயிற்றை மெதுவாக ஒரு பக்கம் நகர்த்திக்கொண்டு போனது மாதிரி.

ஓய்வு பெற அவருக்கு இன்னும் நான்கு வருடம் இருந்தது. கடல் வெளுக்கும் பருவத்தில் ஒவ்வொரு வருடமும் போனார், வட்டை இறக்கினார், மூன்று, நான்கு என்று ஏட்டில் எழுதினார். ஒரே மாற்றம், தடித்த தோல் கையுறை மாட்டிக்கொண்டுதான் அந்தக் கயிற்றைத் தொட்டார்.