நானூற்றுப் பதினொன்று

கம்ப்யூட்டர் கட்டளைப்படி இரும்பை வெட்டும் சி.என்.சி. மெஷின் விற்கிற கம்பெனியில் பன்னிரண்டு வருடமாக அவளுக்குப் போன் எடுக்கிற வேலை. எங்காவது ஒரு பட்டறையில் மெஷின் நின்று, திரையில் சிவப்பாக ஒரு எண் வந்தால் அவளைத்தான் கூப்பிடுவார்கள். எண்ணைச் சொன்னதும் கோளாறைச் சொல்லிவிடுவாள். பட்டறைகளில் அவளுக்கு ‘அலாரம் அக்கா’ என்றே பெயர். தான் கூப்பிட்டால் மூன்று ரிங், மெஷின் கூப்பிட்டால் ஒரே ரிங் என்று புருஷன் கிண்டல் செய்வான்.

அன்று மதியம் அவள் சாப்பாட்டு டப்பாவை மூடும்போது போன் வந்தது. பழக்கமான ஃபோர்மேன் ஒருவர். நானூற்றுப் பதினொன்று என்றார். போகச் சொன்ன இடத்துக்குப் போக முடியாமல், இரும்பைத் தாங்கி நகரும் மேசை எதிலோ முட்டி நிற்கிறது என்று அர்த்தம். எதில் முட்டுகிறது, பாருங்கள் என்றாள் வழக்கம்போல.

“என் மச்சான் கையிலதான்க்கா. மேசைக்கும் ஓரத் தகட்டுக்கும் நடுவுல மாட்டிக்கிச்சு.”

பின்னால் ஒருவன் அலறிக்கொண்டிருந்தான். அலாரத்தை அழித்தால் மேசை நகருமா என்று ஃபோர்மேன் கேட்டார். எதையும் அழுத்தாமல் மெயினை அணைக்கச் சொன்னாள். மேசையை நகர்த்தும் திருகுத்தண்டைக் கையாலேயே திருப்பலாம். மோட்டார் பக்க மூடியைக் கழற்றி ஸ்பேனர் போட்டார்கள்.

“எந்தப் பக்கம் திருப்ப?”

அவளுக்குத் தெரியவில்லை. அத்தனை எண்ணும் மனப்பாடம், தண்டை ஒரு நாளும் தொட்டதில்லை. தப்பாகத் திருப்பினால் கை இன்னும் நசுங்கும். இழுப்பறையைக் கவிழ்த்துக் கொட்டினாள். ஒரு போல்ட்டும் நட்டும் அகப்பட்டன. போல்ட்தான் தண்டு, நட்டு மேசை, போல்ட்டின் தலை இருக்கும் பக்கம் மோட்டார். நட்டை அசையாமல் பிடித்து, போல்ட்டின் தலையை வலப்பக்கம் திருகினாள். நட்டு தலையை நோக்கி வந்தது. கை எந்த ஓரத்தில் என்று கேட்டாள். மோட்டாருக்கு எதிர் ஓரத்தில்.

“மோட்டார் பக்கம் நின்னு வலப்பக்கமா திருப்புங்கண்ணே. கால் சுத்து திருப்பிட்டு கையைப் பாருங்க.”

போனைக் கீழே வைத்துவிட்டுப் போனார். சற்று நேரத்தில் அலறல் நின்றது. அந்த அமைதியை அவளால் தாங்க முடியவில்லை. திரும்பி வந்தவர், கை வெளியே வந்துவிட்டது, ஆள் மயக்கம், ஆம்புலன்ஸ் வருகிறது என்றார்.

அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. மெஷினின் பாதுகாப்புக் கதவு திறந்திருந்தால் அது ஓடாதே, எப்படி ஓடியது என்று கேட்டாள்.

“போன வாரம் கதவு அலாரம் வந்தப்ப, புது சுவிட்ச் வர்ற வரைக்கும் ரெண்டு ஒயரையும் சேத்து முறுக்கிக்கங்கன்னு நீங்கதானேக்கா சொன்னீங்க.”

சொல்லியிருந்தாள். ஒயரை முறுக்கிவிட்டால், கதவு திறந்திருந்தாலும் மூடியிருப்பதாகவே மெஷின் எடுத்துக்கொள்ளும். ஒரு நாளைக்கு நாற்பது போனில் அதுவும் ஒன்று.

அந்த மச்சானுக்கு இரண்டு விரல்கள் போயின. ஒயரை முறுக்கச் சொன்ன அந்தப் போன் பதிவேட்டில் இல்லை, விட்டுவிடு என்றார் மேனேஜர். அவள் அதைத் தன் கைப்பட எழுதிக் கையெழுத்துப் போட்டாள். வேலை போனது.

அவள் ஆஸ்பத்திரிக்குப் பார்க்கப் போனபோது அவன் கட்டுப் போட்ட கையோடு எழுந்து உட்கார்ந்தான். ஃபோர்மேன் அவனிடம் எதையும் சொல்லியிருக்கவில்லை.

“நீங்க இல்லேன்னா முழுக் கையும் போயிருக்கும்க்கா” என்றான்.

கதவு ஒயரை முறுக்கச் சொன்னது தான்தான் என்று அவள் சொன்னாள். அவன் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தான். கட்டிலோரம் உட்கார்ந்திருந்த அவனுடைய அக்கா எழுந்துவந்து, அவள் வெளியே போகும்வரை கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.