வெள்ளிக்கிழமை நண்டு

நண்டு விற்கிறவன் நண்டுக்குப் பயப்படத் தேவையில்லை. வாங்க வருகிற சனத்துக்குத்தான் பயப்பட வேண்டும். தெருவோரத்தில் எதையாவது விற்றுப் பார்த்த உங்களுக்கு இதற்கு மேல் விளக்கம் எதற்கு?

கடல்தான்

யாழ்ப்பாணப் பட்டினத்துக்கு ஆறு கிடையாது. ஆற்றங்கரையில் செய்கிறதையெல்லாம் எங்கள் சனம் ஆழமில்லாத பரவைக்கடற் கரையில் செய்கிறது: நடை, தூண்டில், காதல், குப்பை. அங்கேதான் பூவரசுக்குக் கீழே என் நண்டுப் பெட்டி.

கனடாவிலிருந்து வந்த பிள்ளை ஒன்று, முழங்கால் தண்ணீரில் வலை இழுத்தவனைக் காட்டி, "கடல் எண்டு சொன்னியள், அந்த மாமா நடந்து போறார்?" என்றது. தகப்பன் என்னிடம் நண்டைப் புரட்டிக்கொண்டே சொன்னார்: "சும்மா இரு. இவ்வளவு செலவழிச்சு வந்தனாங்கள், உது கடல்தான்."

மணம்

ஓய்வுபெற்ற பள்ளிக்கூட அதிபர் ஒருவர் பின்னேரங்களில் நடப்பார். என்னைக் கடக்கும்போது மூக்கைப் பொத்துவார். பொத்தினது காணாதென்று முறைப்பாடும் கொடுத்தார். மாநகரசபை அதிகாரி வந்தார். வருகிற வெள்ளியோடு பெட்டியைத் தூக்க வேண்டுமாம்.

"இதாலைதான் வீட்டிலை அடுப்பெரியுது. நான் எங்கை போறது?" என்றேன்.

"அது எனக்குத் தெரியாது, அண்ணை. நடக்கிற ஆக்களுக்கு மணக்கக் கூடாது."

உயிரோடை

நான் வேதக்காரன், மாதா கோயில் ஆள், வெள்ளியும் விற்பேன். வாங்கத்தான் ஆள் இராது. சைவ வீடுகளில் அன்றைக்கு மீன், நண்டு, எந்த மச்சமும் இல்லை.

அந்தக் கடைசி வெள்ளி, இருட்டுப்படுகிற நேரம், திருநீறும் வேட்டியுமாய் அதிபர் வந்தார். நாளைக்கு விடியக் கொழும்பிலிருந்து மருமகன் வருகிறாராம். நண்டு வேண்டுமாம்.

"இண்டைக்கு வெள்ளியெல்லோ, ஐயா?"

"கொடுக்கைக் கட்டி உயிரோடை தாரும். உயிர் இருக்குமட்டும் உது மச்சமில்லை."

பை

துணிப்பையில் போட்டுக் கொடுத்தேன். அந்த நேரம் பார்த்து அதிகாரி வந்து இறங்கினார். அதிபர் பையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார்.

"முறைப்பாடு தந்த ஐயாவே நிக்கிறார். இண்டைக்கும் மணம் தாங்கேலாமல் இருக்கோ, ஐயா?"

ஐயா பையை முதுகோடு இன்னும் இறுக்கினார். பைக்குள்ளிருந்து ஒரு கொடுக்கு வெளியே வந்து வேட்டியைப் பிடித்தது. வேட்டியோடு கொஞ்சம் சதையையும் பிடித்தது. நான் ஒன்றை வேண்டுமென்றே கட்டாமல் விட்டதாகக் கதைக்கிறார்கள். கதைக்கட்டும்.

அதிபர் துள்ளிக்கொண்டு அதிகாரியிடம் கத்தினார்: "முறைப்பாட்டைக் கிழிச்சுப் போடும் தம்பி, முதல் உந்த நண்டைக் கழட்டச் சொல்லும்!"

பெட்டி இன்றும் அதே பூவரசுக்குக் கீழேதான் இருக்கிறது. அதிபரும் மூக்கைப் பொத்திக்கொண்டுதான் கடக்கிறார், வெள்ளிக்கிழமை தவிர: அன்றைக்குக் கையில் பை இருக்கும்.