ஊமையாக்கிய தூரம்

சாப்பிடும்போது அவருடைய வலது பாதம் தரையில் முழுசாகப் பதிந்திருக்க வேண்டும். குதிகால், விளிம்பு, ஐந்து விரல்களும். தெருவில் ஏதாவது போனால் பெருவிரல் லேசாக நிமிரும்.

“லாரி. காலி லாரி.”

மனைவி ஜன்னல் வழியாக எட்டிப் பார்ப்பாள். “தண்ணி லாரிங்க. ரொம்பி வழியுது.”

மண்ணுக்கடியில் ஓடும் கண்ணாடி இழைக் கேபிளுக்குக் காவல் இருப்பது அவர் வேலை. கேபிளுக்குள் அனுப்பும் ஒளி திரும்பி வரும்போது எங்கே தடுமாறியது என்று திரை காட்டும். மேலே ஆள் நடந்தால் மெல்லிய சாய்கோடு. பொக்லைன் தோண்டினால் சிவப்புத் திட்டு, கூடவே மணி அலறும். அதன் முன்னால் உட்கார்ந்து உட்கார்ந்தே அலுவலகத்தில் ‘நடுக்கம்’ என்று பெயர் வாங்கிவிட்டார். சின்ன வயதில் உடைந்த இடது கால் இன்னும் இழுத்துக்கொண்டுதான் வரும்.

அன்று விடுமுறை. மனைவியின் தம்பி சாப்பிட வந்திருந்தான். பேச்சு நடுவே, வாய்க்குப் போன கவளம் பாதியில் நின்றது.

“என்னங்க, உப்பு இல்லையா?”

“மணிய திருப்பிப் போட்டேனான்னு ஞாபகம் வரல.”

“காலிங் பெல்லா மாமா?” என்றான் மச்சினன்.

பாலத்தருகே குழாய் பதிப்பவர்கள் அனுமதியோடு தோண்டியதால், அந்தத் தூரத்துக்கு மட்டும் மணியை ஊமையாக்கியிருந்தார். அனுமதி நேற்றோடு முடிந்தது. முன்பு ஒருமுறை இப்படி மறந்து, கேபிள் அறுந்து, ஆஸ்பத்திரி வரை இணைப்பு செத்துப்போனது. இன்னொரு தடவை நடந்தால் வேலை இல்லை என்று சொல்லிவிட்டார்கள்.

அலுவலகத்தில் அன்று பகல் முறையில் இருந்த, தடிக் கண்ணாடியால் ‘சோடாபுட்டி’ என்று பெயர் வாங்கிய கூட்டாளிக்குப் போன் அடித்தார். மணி போய்க்கொண்டே இருந்தது, எடுக்கவில்லை. கையைக் கழுவினாரோ இல்லையோ, ஸ்கூட்டரை எடுத்துவிட்டார்.

பாலத்தருகே குழாய்களைக் குறுக்கே அடுக்கியிருந்தார்கள். வண்டியைப் போட்டுவிட்டு, கேபிள் போகும் வழியைக் காட்டும் கற்களையொட்டி ஓடினார். தூரத்தில் பொக்லைன் கை மேலே போய்க் கீழே வந்தது.

“நிறுத்துய்யா! நிறுத்து!”

இரும்புக் கை அந்தரத்தில் நின்றது. போனைக் காதில் வைத்தபடி ஓட்டுநர் எட்டிப் பார்த்தார்.

“நிறுத்திட்டேன்ல சார், ஏன் தொண்டையக் கிழிக்கறீங்க? இன்னும் நாலு வாய் மண்ணுதான் மிச்சம்!”

“அந்த நாலு வாய்ல என் சோறு போயிருக்கும்யா!”

வீட்டுக்கு வந்தும் பாதம் தரையில் நிலைகொள்ளவில்லை.

மறுநாள் அலுவலகத்தில் தன் தொண்டையின் பெருமையை அவர் பேசிக்கொண்டிருந்தபோது, சோடாபுட்டி சிரித்தான்.

“அந்த இஞ்சின் சத்தத்துல உங்க தொண்டையாண்ணே? டீ குடிச்சிட்டு வந்து திரையப் பாக்கறேன், ஊமையாக் கெடந்த எடத்துல ஒரு சாய்கோடு ஓடுது. ஒரு அடி அழுத்தமா, ஒரு அடி இழுத்து. அப்படி ஓட வேற யாரு இருக்கா? பக்கத்துலயே சிவப்புத் திட்டு. பொக்லைன்காரர் நம்பர் அனுமதிச் சீட்டுல இருந்துச்சு. நீங்க கத்துறதுக்கு முன்னாடியே நான் அவர்கிட்ட பேசிட்டேன்.”