ராஜிக்கு என் சம்மதம்

என் வலது மணிக்கட்டை ஒடித்தவர் என் புருஷனுடைய அண்ணன். அவர் மேல் தென்காசிக் கோர்ட்டில் நடந்த கிரிமினல் கேஸை முடித்து வைத்தவள் நான். இன்றைக்குச் சொல்லும்போதும் எனக்கு நெஞ்சு நிமிர்கிறது. நிமிரட்டும், அதற்கென்ன இப்போ?

ஐம்பதுகளின் கடைசி அது. மேலகரத்தில் அண்ணன் தம்பி இருவருக்கும் ஒட்டினாற்போல வீடுகள். கிணறு அண்ணன் வீட்டுப் பின்பக்கம். எங்கள் வீட்டிலிருந்து அதற்குப் போக ஒரு வழி உண்டு. பாகப்பிரிவினைச் சண்டை முற்றியதும் அவர் கொத்தனாரைக் கூப்பிட்டு அந்த வழியை அடைத்துச் சுவர் வைத்துவிட்டார். சுண்ணாம்பு காயுமுன் நான் குடத்தோடு அதைத் தாண்டப் போனேன். பிடித்துத் தள்ளினார். கை போயிற்று. போலீஸ் வந்தது, கேஸ் ஆயிற்று. அதற்கப்புறம் தண்ணீருக்கு வாய்க்காலுக்குத்தான் நடந்தேன், வலது கையில் கட்டு, இடது இடுப்பில் குடம்.

அண்ணன் அரசாங்க உத்தியோகஸ்தர். தண்டனை விழுந்தால் வேலை போய்விடும் என்று பயம் வந்ததும் சமாதானத்துக்கு ஆள் விட்டார். குற்றாலத்தில் அப்போது சீசன். இரண்டு பக்கத்துப் பெரிய மனுஷர்களும் எண்ணெய் தேய்த்து, அருவியில் ஆசைதீரக் குளித்து, சாப்பிட்டு வெற்றிலை போட்டுக்கொண்டு பேசினார்களாம். வயல், தென்னை, மாட்டுத்தொழுவம் எல்லாம் சுமுகமாகப் பிரிந்ததாம். என் புருஷன் வந்து பெருமையாகச் சொன்னார்.

"கிணத்து வழி?" என்றேன்.

முழித்தார். "அது பேச்சுலயே வரலயே! இனிமே அதக் கெளப்பாத. நாளைக்குக் கோர்ட்டுல கேட்டா சம்மதம்னு சொல்லிப்புடு, என்னா?"

என் கை ஒடிந்ததே அந்த வழியால். அத்தனை ஆம்பிளைகளில் ஒருத்தருக்கும் அது நினைப்பு வரவில்லை. குடம் தூக்கியிருந்தால்தானே வரும்?

மறுநாள் வக்கீல் எழுந்து, குடும்பம் சமாதானமாகிவிட்டது, கேஸை ராஜியாக, அதாவது சமரசமாக, முடித்துவிடலாம் என்றார். மாஜிஸ்திரேட், "அடிபட்டது யாரு?" என்று கேட்டார். என்னைக் காட்டினார்கள்.

"அந்தம்மா சம்மதிச்சாத்தான் ராஜி. மத்தவங்க சம்மதம் எனக்கு எதுக்கு?"

எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. எங்கள் வீட்டில் தம்பி பெண்டாட்டி மூத்தவர் முன்னால் வாய் திறக்கக் கூடாது. நான் வாழ வந்த நாளிலிருந்து அவர் என் குரலை நேராகக் கேட்டதில்லை. அன்றைக்குக் கேட்டார்.

"சம்மதம் இல்லைங்கய்யா. கிணத்து வழிய அடச்ச சுவத்த இடிக்கச் சொல்லுங்க. அவுக கையாலயே இடிக்கட்டும். பொறவு சம்மதம்."

"ஏட்டி, என்ன பேசுத!" என்று என் புருஷன் பல்லைக் கடித்தார். மாஜிஸ்திரேட் சிரிப்பை அடக்கிக்கொண்டார்.

"சுவர இடிக்கச் சொல்ல எனக்கு அதிகாரம் இல்லம்மா. ஆனா நீ சம்மதிக்காம ராஜியும் இல்ல. நாளைக்கு வாங்க."

அன்று மத்தியானமே, சாரலில் நனைந்துகொண்டு, மூத்தவர் வேட்டியை மடித்துக் கட்டிக் கடப்பாரையை எடுத்தார். கூலிக்கு ஆள் வைக்கட்டுமா என்று கேட்க அவர் பக்கத்திலிருந்து வந்த பெரிய மனுஷரை நான் வாசலிலேயே திருப்பி அனுப்பினேன். தெருவே நின்று வேடிக்கை பார்த்தது. ஒவ்வொரு கல்லாக விழ விழ, அடேயப்பா, அப்படி ஒரு சந்தோஷம் எனக்கு!

அடுத்த நாள் கோர்ட்டில் வராந்தா வரைக்கும் கேட்கிற மாதிரி "சம்மதம்" என்றேன். அத்தோடு கேஸ் தீர்ந்தது. அவர் வேலையும் தப்பியது.

வீட்டுக்கு வந்ததும் குடத்தோடு நேரே கிணற்றடிக்குப் போனேன். மூத்தவர் மனைவி, நான் அக்கா என்று கூப்பிடுகிறவள், அங்கே நின்றாள். சண்டைக்குப் பிறகு நாங்கள் முகம் பார்த்துப் பேசியதில்லை. வசவு விழப்போகிறது என்று நானும் வாயைத் தீட்டிக்கொண்டுதான் நின்றேன். அக்கா என் கையைப் பார்த்தாள். தானே ஒரு வாளி இறைத்து என் குடத்தில் ஊற்றினாள். பிறகு வீட்டுப் பக்கம் ஒருதரம் திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

"ஏட்டி, அந்தக் கோர்ட்டு ஐயா அம்புட்டுப் பொறுமையாக் கேட்டாருல்லா? எனக்கும் சேத்து ஒண்ணு கேட்டிருக்கலாம்லா நீ!"