ஆரம்பம் முதலே

விழுப்புரத்தில் மனு எழுதிக் கொடுப்பது என் பிழைப்பு. நம் ஊரில் எல்லாவற்றுக்கும் ஒரே சொல்தான்: ஏமாத்திட்டான். அறுப்புக்கு வருகிறேன் என்ற மிஷின்காரன் வராவிட்டாலும் ஏமாத்திட்டான், இல்லாத மனையைக் காட்டி விற்றவனும் ஏமாத்திட்டான். சட்டம் அப்படியில்லை. சொன்ன சொல் தவறினால் சிவில். சொல்லும்போதே மனத்தில் கள்ளம் இருந்தால்தான் குற்றம்.

போலீசுக்கு இந்த வித்தியாசம் நன்றாகவே தெரியும். ஏழை போனால் "இது சிவிலு, கோர்ட்டுக்குப் போ" என்று விரட்டுவார்கள். வேண்டியவர் போனால் அதே வித்தியாசம் மறந்துபோகும். அந்த எரிச்சலில்தான் ஒரு வரியைக் கண்டுபிடித்தேன்: 'ஆரம்பம் முதலே ஏமாற்றும் எண்ணத்துடன் நம்பவைத்துக் கழுத்தறுத்து.' அது இருந்த மனுக்களை வாங்கிக்கொண்டார்கள். திண்டிவனம் வரைக்கும் டைப் அடிக்கிற கடைகள் அந்த வரியை எடுத்துக்கொண்டு பெயரை மட்டும் மாற்றிப் போட்டன. எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

போன தை மாதம் மச்சானிடமிருந்து போன். என் மனைவியின் தம்பி, திண்டிவனத்தில் தச்சு வேலை செய்கிறவன்.

"மாமா, ஸ்டேஷன்ல உக்கார வச்சிக்கினு கீறாங்க. நானூத்தி இருபதுன்றாங்க."

சட்டத்தில் அந்த எண் மாறிவிட்டது, ஊர் வாயில் மாறவில்லை. தச்சனுக்குப் பிழைப்பே அடுத்தவர் வீட்டுக்குள்தான். அந்தப் பெயர் விழுந்தால் எவர் அவனை உள்ளே விடுவார்? பஸ் ஏறினேன்.

மச்சானைக் காலையிலிருந்து செருப்பைக் கழற்றவைத்துப் பெஞ்சில் உட்காரவைத்திருந்தார்கள். எதிரே நாற்காலியில், அவனிடம் கதவு வேலை கொடுத்திருந்த புது வீட்டுக்காரர். கிரகப்பிரவேசத்துக்குள் கதவு மாட்டவில்லை என்பது புகார். மச்சான் அனுப்பிய குரல் பதிவுகளை ஒவ்வொன்றாக ஓடவிட்டார். "நாளைக்குக் கண்டிப்பா வந்துடும் சார்." அடுத்ததிலும் நாளைக்கு, அதற்கடுத்ததிலும் நாளைக்கு. நாளைக்கு என்று சொன்னதற்கெல்லாம் உள்ளே தள்ளுவதானால் ஊரில் ஒரு தையல்காரர் மிஞ்சமாட்டார். உளி பட்டுக் கட்டுப்போட்ட கையை அவன் நீட்டி நீட்டிக் காட்டினான். ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை.

எஸ்.ஐ. அம்மா மனுவைச் சத்தமாகப் படித்தார். "ஆரம்பம் முதலே ஏமாற்றும் எண்ணத்துடன்..." என் வரி. 'கழுத்தறுத்து'கூட அப்படியே இருந்தது.

"மேடம், ஆரம்பம் எதுன்னு அவரையே கேளுங்க" என்று மச்சானின் போனை வாங்கிக் காட்டினேன். வாசலுக்கு நிலை வைத்த அன்று எடுத்த படம். நிலைக்கு மஞ்சள், குங்குமம், மாவிலை. வீட்டுக்காரர் தன் கையாலேயே தாம்பூலத் தட்டில் வேட்டி வைத்து மச்சானுக்குக் கொடுக்கிறார்.

"நெல நட்டவன் ஏமாத்தவா வந்தான்? கதவெல்லாம் பாதி முடிஞ்சி பட்டறையில கீது, ஆள் உட்டுப் பாருங்க" என்றேன்.

வீட்டுக்காரர் படத்தையே பார்த்தார். "அந்த வரிய நான் சொல்லலைங்க. டைப் அடிக்கிற எடத்துல போட்டாங்க. அது இல்லன்னா கேசு நிக்காதுன்னாங்க."

"அப்ப சிவிலு. ரெண்டு பேரும் எழுதிக் குடுத்துட்டுக் கெளம்புங்க" என்றார் எஸ்.ஐ. ஒரு மனிதனைப் பகல் முழுக்கத் திருடன் மாதிரி உட்காரவைத்ததற்கு ஒரு வார்த்தை கிடையாது. படிக்கும்போதே தெரிந்திருக்க வேண்டியதைத் தெரிந்துகொள்ள ஒரு போட்டோ தேவைப்பட்டிருக்கிறது!

வெளியே டீக்கடையில் அவன் கட்டில்லாத கையால் கிளாசை வாங்கிக்கொண்டான்.

"எங்கேர்ந்து மாமா அப்டி ஒரு வரி எழுதறானுங்க? எழுதனவன் கை வெளங்காம பூடும்."

"என் கைதான் மச்சான் அது" என்றேன்.

அவன் டீ கிளாசைப் பெஞ்சில் வைத்துவிட்டு என் கையையே பார்த்துக்கொண்டிருந்தான்.