இவருக்குப் பதிலாக மங்கை

சின்னத்திரை நடிகை மங்கையர்க்கரசி போன வெள்ளிக்கிழமை காலை, கும்பகோணத்தில் தம்பி வீட்டில் காலமானார். சிறுநீரகம் கெட்டு ரொம்ப நாளாயிற்று. எதிர்பார்த்ததுதானே என்று எல்லாரும் சொன்னார்கள். நானும் சொன்னேன். சொல்வதற்கு வேறு எதுவும் கிடைக்கவில்லை.

தகவல் வந்த நேரத்தில் கடையில் ஒரு கல்யாண வீட்டுக்கு முகூர்த்தப் பட்டு காட்டிக்கொண்டிருந்தேன். மெத்தை முழுக்கப் புடவை. பெண்ணின் அம்மா அரக்கில் ஒன்றைத் தனியே எடுத்து மடியில் வைத்துவிட்டார். இனி பில் போட வேண்டியதுதான். போனில் மங்கையின் தம்பி, "அண்ணே, அக்கா போயிருச்சுண்ணே" என்றான். என் முகத்தைப் பார்த்து அந்த அம்மா, "என்னங்க, யாருக்கு என்ன?" என்று கேட்டார். முகூர்த்தப் புடவைக்கு முன்னால் சாவுச் செய்தி சொல்லக் கூடாது. எங்கள் தொழிலில் இது பாலபாடம். ஆனால் வாயில் வந்துவிட்டது. "டி.வி.ல வருமே மங்கை, அதுங்க."

"ஐயோ, அந்தப் பொண்ணா!" மடியிலிருந்த புடவை மெத்தைக்குத் திரும்பியது. "இன்னிக்கு வேணாங்க. நாளைக்கு நல்ல நேரம் பாத்து வர்றோம்."

நாளைக்கு வருகிறோம் என்பவர்கள் எதிர்க்கடைப் படியேறுவார்கள். படியிலேயே மறித்துப் பேசி உட்காரவைப்பதுதான் என் வழக்கம். அன்று விட்டுவிட்டேன். மறுநாள் அவர்களாகவே வந்தார்கள். அதே அரக்கைத்தான் எடுத்தார்கள்.

மங்கையை உங்களில் பலர் டி.வி.யில் பார்த்திருப்பீர்கள். கடைத்தெருவில் பழையவர்கள் சிலருக்கு அதற்கு முன்பே தெரியும். நாங்கள் இருவரும் ஒரே ஜவுளிக்கடையில் கூலிக்கு நின்றவர்கள். நான் கீழே மூட்டை பிரிக்கிற ஆள். அவர் மாடியில் பட்டு செக்‌ஷன். திருப்பனந்தாள் பக்கம் ஒரு கிராமம். அப்பா அம்மா பிறர் வயலில் நடவுக்கும் அறுப்புக்கும் போனவர்கள். பிளஸ் டூ முடித்த கையோடு டவுன் பஸ் ஏறி வேலைக்கு வந்துவிட்டார். முந்தானையை எடுத்துத் தன் தோளில் போட்டுக்கொண்டு அவர் ஒரு சுற்றுத் திரும்பினால் அந்தப் புடவை அலமாரிக்குத் திரும்பாது. கண்ணாடி முன்னால் நின்று குழம்புகிற பெண்களிடம், "கண்ணாடி உங்க கவலையைத்தாங்க காட்டும். என்னைப் பாருங்க, புடவை தெரியும்" என்பார். அந்த வாக்கியத்தை நான் என் கடைப் பெண்களுக்குச் சொல்லிக்கொடுத்துப் பார்த்தேன். அவர் சொன்னால் விற்றது. இவர்கள் சொன்னால் வாடிக்கையாளர் முறைக்கிறார்கள்.

நடிப்புக்கு அவர் போனது ஒரு காய்ச்சலால். காய்ச்சல் அவருக்கு இல்லை. தாராசுரம் கோயிலில் ஒரு சீரியல் எடுக்க வந்தவர்கள் எங்கள் கடையில் புடவை எடுத்தார்கள். மறுநாள் காலையில் கதாநாயகிக்குக் காய்ச்சல், எழுந்திருக்க முடியவில்லை. யூனிட் ஆள் ஒருவர் கடைக்கு ஓடிவந்து முதலாளியிடம், "நேத்து எங்களுக்குப் புடவை காட்டுச்சே, அந்தப் பொண்ணை அனுப்புங்க. முகம் வேணாம், முதுகு போதும்" என்றார். மங்கை போய்ப் பிரகாரத்தில் நடந்து காட்டிவிட்டு மதியமே வந்துவிட்டார். "எப்படிம்மா இருந்துச்சு?" என்றேன். "நல்லா இருந்துச்சுண்ணே. அங்க நடுவுல உக்காரச் சொல்றாங்க" என்றார். கடையில் நாள் முழுக்க நிற்கிறவர்களுக்குத்தான் அந்தப் பதிலின் அருமை தெரியும்.

அடுத்த வருடம் சென்னைக்குப் போனார். கல்யாணக் கும்பலில் தாம்பாளம் பிடிப்பது, ஆஸ்பத்திரி சீனில் நர்ஸ் என்று சில காலம். பிறகு அவருக்கென்று ஒரு வேலை அமைந்தது. சீரியல் பார்க்கிறவர்களுக்குத் தெரியும்: நடுவில் ஒரு நடிகை விலகிவிட்டால், ஒருநாள் புது முகம் ஒன்று காபி டம்ளரோடு சமையலறையிலிருந்து வரும், கீழே "இவருக்குப் பதில் இவர்" என்று எழுத்து ஓடும். அந்த "இவர்" பெரும்பாலும் மங்கைதான். பிரசவத்துக்குப் போனவருக்குப் பதில், சினிமா வாய்ப்பு வந்து போனவருக்குப் பதில், டைரக்டரோடு சண்டை போட்டவருக்குப் பதில். அவசரத்துக்கு மங்கையைக் கூப்பிடு என்று ஆகிவிட்டது.

அதில் அவருக்கென்று ஒரு முறை இருந்தது. முன்னால் நடித்தவரின் பழைய எபிசோடுகளைப் போட்டுப் பார்ப்பார். அவரைப் போல நடிக்க மாட்டார். ஒரே ஒரு பழக்கத்தை மட்டும் எடுத்துக்கொள்வார். ஒருவர் கோபம் வந்தால் வளையலை முழங்கை வரை ஏற்றிக்கொள்வார். இன்னொருவர் பேசி முடித்ததும் வாசல் பக்கம் ஒரு பார்வை பார்ப்பார். "அது ஒண்ணு போதும்ணே. ஜனங்க கைப்பிடிச்சு வர்றதுக்கு அது படிக்கட்டு. மேல வந்துட்டா அப்புறம் என் வீடு."

படிக்கட்டு கட்டுகிற வரை வசைதான். அப்போது நான் சொந்தக் கடை போட்டாயிற்று. சைக்கிளில் புடவை மூட்டை கட்டி ஊர் ஊராகத் தவணைக்கு விற்றுச் சேர்த்த முதல். ஊருக்கு வரும்போதெல்லாம் மங்கை என் கடையில் வந்து உட்காருவார். ஒருமுறை ஒரு பெரியம்மா நேராகவே கேட்டுவிட்டார். "ஏம்மா, எங்க பழைய மருமகப் பொண்ணு எங்க போச்சு? உன்னைப் பாத்தாலே டி.வி.யை அமத்திப்புடறேன்."

"அவங்க வேற ஊருக்கு மாத்தலாயிட்டாங்க பெரியம்மா. நான் சார்ஜ் எடுத்திருக்கேன். ஒரு வாரம் பாருங்க, சரியில்லன்னா எழுதிப் போடுங்க."

பெரியம்மா சிரித்துவிட்டார். மறுவாரம் வந்து, "பரவால்ல, அடங்கித்தான் இருக்கு அந்தப் பொண்ணு" என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனார்.

அவருடைய சீரியல்களுக்கு நான் புடவை கொடுத்தேன். பாசத்தால் கொடுத்தேன் என்று எழுதினால் அவரே எழுந்து வந்து சிரிப்பார். விளம்பரத்துக்குத்தான் கொடுத்தேன். ஆனால் கடைப் பெயர் கடைசியில் வருகிற எழுத்தில் கண் சிமிட்டுவதற்குள் ஓடிவிடும். "என்னண்ணே, உங்க கடைய ஓட்டப்பந்தயத்துல விட்டிருக்காங்க" என்று கிண்டல் செய்தவர், அந்த மாதமே ஒரு சீனில் பக்கத்து வீட்டுக்காரி புடவையைப் பற்றி விசாரித்ததும், "கும்பகோணத்துல எடுத்தது" என்று எழுதாத வசனம் ஒன்றைச் சேர்த்துச் சொல்லிவிட்டார். டைரக்டர் வெட்டவில்லை. அந்த வாரம் வந்த கூட்டத்துக்கு மாடியில் தனியாக ஆள் போட வேண்டியிருந்தது.

கடைசியில்தான் திலகம் வந்தாள். தம்பி தங்கைகளைக் கரையேற்றிவிட்டு ரைஸ் மில் நடத்துகிற அக்கா வேடம். முதல் எபிசோடிலிருந்து மங்கை. யாருக்கும் பதில் இல்லை. எடுத்த இடம்கூட நம் பக்கம்தான், என் மச்சினனின் மில். ஆரம்பப் பாட்டில் நெல் காய்கிற களத்தில் அவர் முகம் பெரிதாக வருவதைக் கடையில் எல்லாரும் வேலையை நிறுத்திவிட்டுப் பார்த்தோம். போன் போட்டுச் சொன்னேன். "இப்பதாண்ணே எனக்கு நடிக்கவே பயமா இருக்கு. பாத்து எடுத்துக்க முன்னாடி யாரும் இல்ல" என்றார்.

இரண்டு வருடம் நன்றாக ஓடியது. பிறகு வாரம் மூன்று தடவை டயாலிசிஸ் என்று ஆயிற்று. ஷூட்டிங்குக்கு நிற்க முடியவில்லை. கம்பெனி ஒரு முடிவெடுத்தது: திலகத்துக்கு விபத்து, ஒரு வாரம் சாவு எபிசோடு, பிறகு கூடத்தில் மாலை போட்ட போட்டோ.

மங்கை என்னைக் கூப்பிட்டனுப்பினார். கட்டிலில் சாய்ந்திருந்தார். "கம்பெனி மேனேஜர் உங்க கடைக்குத்தான் புடவைக்கு வர்றாராம். நீங்க பேசுங்கண்ணே. நான் பேசினா அழுதுருவேன், அதையும் நடிப்புன்னுடுவாங்க."

"கவலைப்படாதே. உன் இடத்துல ஒருத்தியும் வர விட மாட்டேன். திலகம் வெளிநாடு போயிட்டான்னு முடிக்கச் சொல்றேன்" என்றேன்.

அவருக்குக் கோபம் வந்துவிட்டது. "ஏண்ணே, உங்க கடையில ஒரு பொண்ணு வேலைய விட்டு நின்னுட்டா அந்த செக்‌ஷனைப் பூட்டிடுவீங்களா?"

"அது வேற, இது வேற."

"என்ன வேற? இன்னொருத்தி வந்தா அவளுக்கு ஒரு வேலை. போட்டோவுக்கு மாலை போட்டா பூக்கடைக்காரனுக்குத்தான் வேலை. திலகம் இருக்கணும்ணே. நான் மொதல்லேருந்து பண்ணினது அவ ஒருத்திதான்." கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டு தொடர்ந்தார். "இன்னொண்ணு. பதிலுக்கு வர்றவளுக்குப் பாதிச் சம்பளம்தான் குடுப்பாங்க. எனக்கு எல்லா எடத்துலயும் பாதிதான். மொதல்ல ‘ஜனங்க உன்னை ஒத்துக்கட்டும், பாக்கலாம்’பாங்க. ஒத்துக்கிட்டப்புறம் ‘பாதிக்கு வந்தவதானே’ம்பாங்க. அது திலகத்துக்கு வேணாம்."

"சரி, உன் வைத்தியத்துக்கும் ஏதாச்சும் கேக்கறேன்."

"கேக்காதீங்க. அதைக் குடுத்துட்டு இதைக் குடுக்க மாட்டாங்க. உங்களுக்குத் தெரியாததா?"

தெரியும். எதிராளி கொடுக்க எளிதானதைக் கொடுத்துவிட்டு எழுந்துவிடுவான். இருந்தாலும் தன் உடம்பை ஒதுக்கிவைத்து இப்படிக் கணக்குப் போடுகிற ஆளை நான் வியாபாரத்தில் பார்த்ததில்லை.

மேனேஜர் வந்தார். காபி வரவழைத்தேன்.

"சார், திலகம் செத்தா ஒரு வாரம் ஊரே டி.வி. முன்னாடி உக்காந்திருக்கும். மேடத்துக்கும் அது ஒரு மரியாதைதானே? பெரிய போட்டோ, பெரிய மாலை."

"உசிரோட இருக்குற பொண்ணுக்கு மாலை போட்டுட்டு மரியாதைங்கறீங்க."

"கதையிலதான சார்."

"அந்தக் கதையத்தான் அது தம்பி வீட்டுல படுத்துக்கிட்டுப் பாக்கப்போவுது."

அவர் காபியை ஆற்றினார். நான் அடுத்ததைச் சொன்னேன். "மில்லு என் மச்சினனுது. திலகம் செத்தா மில்லுல உங்களுக்கு என்ன வேலை? வேற மில்லு பாத்துக்கங்க. புடவையும் வேற கடை பாத்துக்கங்க." இன்னொரு மில் பிடித்து முதலிலிருந்து செட் போட என்ன ஆகும் என்று அவருக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். சாவை விட்டுக்கொடுத்தார். புதிதாக வருகிறவளுக்கு முழுச் சம்பளம் என்றதும் நாற்காலியிலிருந்தே எழுந்துவிட்டார். "சார், அது எங்க லைன்லயே கிடையாது. ஒருத்திக்குக் குடுத்தா எல்லாரும் கேப்பாங்க."

"கேக்கட்டும். நீங்க உக்காருங்க, புடவையைப் பாப்போம்."

புடவைகளை ஒவ்வொன்றாகப் பிரித்துப் போட்டேன். தீபாவளி எபிசோடுக்கு அவர் கனவில்கூடப் பார்க்காத பட்டுகள். அவர் தொட்டுப் பார்க்கும் வரை நான் பேசவில்லை. மில் வாடகையையும் நானே மச்சினனிடம் பேசித் தள்ளுபடி செய்துவிடுகிறேன் என்றேன். அவர் போனை எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போய், வெகுநேரம் நடந்து நடந்து பேசிவிட்டு வந்தார்.

மங்கைக்குப் போன் போட்டுச் சொன்னேன். "மொத நாள்லேருந்தா?" என்று ஒன்றுதான் கேட்டார்.

"மொத நாள்லேருந்துதான்."

பிறகு, "அந்தாளு ரொம்ப வாடிப்போயிருப்பார். இன்னொரு காபி குடுத்து அனுப்புங்க" என்றார்.

அவர் கட்டி நடித்த புடவை ஒன்றுகூட என்னிடம் இல்லை. திரும்பி வந்ததையெல்லாம் ஆடித் தள்ளுபடியில் விற்றுவிட்டேன். நடிகை கட்டியது என்று ஐம்பது ரூபாய் கூட்டி வைத்தேன். என்னிடம் தங்கியது ஒரு பழக்கம்தான். பேரம் முடிகிற நேரத்தில், அந்த அறையில் இல்லாத ஓர் ஆள் நினைவுக்கு வந்துவிடுகிறார். தொழிலுக்கு இது நல்லதா என்று கேட்டால் எனக்கு இன்னும் நிச்சயமில்லை. விடத்தான் முடியவில்லை.

அன்று என் கடையில் மேனேஜரோடு பேசி முடித்தது இதுதான். திலகம் சாக மாட்டாள். தீபாவளி வரை புடவை என் செலவு, மில்லுக்கு வாடகை இல்லை. புதிதாக வருகிற பெண்ணுக்கு முதல் நாளிலிருந்தே மங்கை வாங்கிய முழுச் சம்பளம்.