நான்காவது ஆல்பத்தோடு ஒரு பகை

போன சனிக்கிழமை காலை, என் மாமியார் காலமானதாக எங்கள் அபார்ட்மென்ட் வாட்ஸ்அப் குரூப்பில் செய்தி வந்தது. மாமியாரோ அந்த நேரம் சிங்கப்பெருமாள் கோவில் என்ற ஊரில், தன் வீட்டில், நான்காவது தோசை சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

காரணம்? நானும் என் ஸ்பீக்கரும்தான்.

கோதிக் ராக் என்று ஒரு இசை வகை உண்டு. கறுப்பு உடை, கண்ணில் மை, பாட்டு முழுக்கக் கல்லறை, மூடுபனி, பிரிவு... காலேஜ் நாட்களில் அப்படி ஒரு வெளிநாட்டு பேண்ட் மேல் எனக்குப் பைத்தியம். முதல் மூன்று ஆல்பங்கள் மனப்பாடம். நான்காவதில் கீபோர்டைச் சேர்த்து, ஆடுகிற மாதிரி தாளம் போட்டுவிட்டார்கள். துரோகிகள்! அன்றோடு உறவை முறித்துக்கொண்டேன்.

ரொம்ப வருஷம் கழித்து இப்போது புது ஆல்பம் வந்திருக்கிறது. மனைவி மாலதி, காய்ச்சலில் இருந்த அம்மாவைப் பார்க்கப் போயிருந்தாள். சிட்லபாக்கம் வீட்டில் நான் மட்டும். முதல் ஆல்பத்திலிருந்து ஆரம்பித்தேன்.

இரண்டாவது ஓடும்போது காலிங் பெல். எதிர் ஃபிளாட் பத்மா அக்கா — ரிட்டயர்டு பேங்க் மேனேஜர். கண் கலங்கியிருந்தது.

“எப்போ ஆச்சு தம்பி?”

“என்னக்கா?”

“காலைலேர்ந்து ஒப்பாரி கேக்குதே... மாலதி அம்மாதானே? குரூப்ல போட்டுட்டேன். ஐஸ் பாக்ஸ் சொல்லியாச்சா?”

நான் வாயைத் திறப்பதற்குள் போன். மாலதி.

“ஏங்க, எங்கம்மா செத்துட்டாங்கன்னு யாருங்க சொன்னது?”

பின்னாலிருந்து மாமியார் குரல்: “மாப்பிள்ளை ஏதாவது ஆசைப்பட்டுட்டாரா?”

நான் பாடிக்கொண்டிருந்த ஸ்பீக்கரைக் காட்டினேன். அக்கா போனை வாங்கி, மாமியாரிடமே மன்னிப்புக் கேட்டார். மெசேஜை அழித்தார். பிறகு சோபாவில் உட்கார்ந்துவிட்டார்.

“இவ்ளோ பேஜார் பண்ணிட்டான். அப்படி என்னதான் பாடறான், போடு.”

மூன்றாவது முடிந்தது. நான் நேராகப் புது ஆல்பத்துக்குத் தாவப் பார்த்தேன். அக்கா என் போன் திரையை எட்டிப் பார்த்தார்.

“நடுவுல விட்டுட்டியே?”

“அதெல்லாம் வேஸ்ட்டுக்கா. மாறிட்டாங்க.”

“பரவாயில்ல, போடு.”

போட்டேன். அக்காவின் விரல்கள் முழங்காலில் தாளம் போட்டன. என் காலும் லேசாக ஆடியது — வெட்கம்! அடுத்தடுத்த ஆல்பங்களும் ஓடின. கடைசியாகப் புதுசு. அதே குரல்தான், கொஞ்சம் உடைந்து, நிதானமாகியிருந்தது.

பாட்டு நின்றதும் அக்கா சொன்னார்:

“மொதல்ல ஓயாம அழுதான். நடுவுல யாரோ நல்லவ கெடைச்சிருக்கா. இப்ப வயசாயிடுச்சு, நிதானமா அழறான். ஏன் தம்பி, அந்த மனுஷன் கொஞ்ச நாள் சந்தோஷமா இருந்தது உனக்குப் பொறுக்கலியா?”

அக்கா போன பிறகு நான்காவது ஆல்பத்தை மறுபடி போட்டேன். நன்றாகத்தான் இருக்கிறது... படுபாவி, அப்போதும் நன்றாகத்தான் இருந்திருக்கும்.

நமக்குப் பிடித்தவர் ஆயுசுக்கும் அழுதுகொண்டே இருக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பதற்குப் பெயர் ரசனையா என்ன?